பதினான்கு நாள் விண்மீன்

வேலா என்பது தென்வானத்து விண்மீன் குழுக்களில் ஒன்று. கப்பலின் பாய் என்று அதற்குப் பொருள். மாசி, பங்குனி மாதங்களில் இரவு எட்டு மணிக்குக் காவாந்தண்டலத்தில் தெற்கே பார்த்து நின்றால் பனைகளுக்கு நன்றாக மேலே அது நிற்கும். அதன் நடுவில், வெறும் கண்ணுக்கு எட்டாத மங்கலான சிவப்பு விண்மீன் ஒன்று இருக்கிறது. அதற்குப் பெயர் இல்லை, அட்டவணையில் ஓர் எண் மட்டும்தான். பிரிஸ்கில்லா அதைப் பதினொரு வாரமாகப் பார்த்துவந்தாள்.

அவள் உத்திரமேரூரில் ஒரு தனியார் பள்ளியில் இயற்பியல் ஆசிரியை. வயது இருபத்தொன்பது. தன் ஊரான காவாந்தண்டலத்தில், வயலை ஒட்டிய கான்கிரீட் வீட்டில் அம்மாவும் அண்ணன் ஜானும் அவளும் இருந்தார்கள். நாலு அங்குலத் தொலைநோக்கியை மொட்டை மாடியில் வைத்து, அந்தச் சிவப்பு விண்மீனை அதற்குப் பக்கத்திலேயே இருக்கும் ஒரு வெள்ளை விண்மீனோடு ஒப்பிட்டு, எது எத்தனை படி மங்கல் என்று நோட்டில் குறித்துவைப்பாள். ஒரு படி என்பது ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு ஒளி. இதற்குக் கருவி வேண்டாம், பழகிய கண் போதும். நிலா வெளிச்சத்தில் பார்க்கக் கூடாது என்று விண்மீன் பார்ப்பவர்களுக்கான கையேட்டில் எச்சரிக்கை இருந்தது. அதனால் நிலா இல்லாத மாலைகளில் மட்டுமே பார்த்தாள். அப்படி முப்பத்தெட்டு அளவுகள் சேர்ந்தன.

அவற்றை வரைபடமாகப் போட்டபோது ஓர் ஒழுங்கு தெரிந்தது. ஒரு வாரம் இரண்டு விண்மீன்களும் சமம். மறு வாரம் சிவப்பு நான்கு படி மங்கல். பிறகு மீண்டும் சமம். பதினான்கு நாளுக்கு ஒரு சுற்று. அட்டவணையில் அது மாறாத விண்மீன் என்றுதான் இருந்தது. எனவே இது புதுக் கண்டுபிடிப்பு. ஓர் ஆய்வு நிறுவனத்தில் இரண்டு வருட உதவியாளர் வேலைக்கு விண்ணப்பித்தபோது அதைத்தான் முதல் வரியாக எழுதினாள். நேர்காணலுக்கு அழைப்பு வந்தது. திங்கட்கிழமை, பத்து நிமிடம் தன் ஆய்வைப் பற்றிப் பேச வேண்டும்.

புதன்கிழமை மாலை, பேசுவதற்குத் தயார் செய்யும்போதுதான் சிக்கல் முளைத்தது.

விண்மீனின் நிறம் அதன் சூட்டைச் சொல்லும். உலையில் இரும்பு முதலில் சிவக்கும், மேலும் காய்ந்தால் மஞ்சளாகும், இன்னும் காய்ந்தால் வெளுக்கும். இந்த விண்மீன் சிவப்பு. மேற்பரப்பில் மூவாயிரத்து ஐந்நூறு டிகிரிதான், சூரியனைவிட மிகவும் குறைவு. இவ்வளவு குறைந்த சூட்டில், மூவாயிரம் ஒளியாண்டுக்கு அப்பாலிருந்து, நாலு அங்குலக் கண்ணாடிக்குத் தெரிகிறது என்றால் அதன் உடம்பு பெரிதாக இருந்தாக வேண்டும். கணக்குப் போட்டால் சூரியனைப்போல நூறு மடங்கு அகலம் வருகிறது. அவ்வளவு பெரிய, அவ்வளவு மெல்லிய வாயு உருண்டை தானாகவே விம்மித் தணிந்து ஒளி மாறுவதென்றால் ஒரு சுற்றுக்கு ஒன்றரை மாதமாவது பிடிக்கும். நீளக் கயிற்று ஊஞ்சல் அவசரமாக ஆடாது. பதினான்கு நாள் போதாது.

துணை விண்மீன் ஒன்று சுற்றிவந்து மறைக்கிறது என்று வைத்துக்கொள்ளலாமா? பதினான்கு நாளில் ஒரு சுற்று என்றால் துணை எவ்வளவு தூரத்தில் ஓட வேண்டும் என்பதற்கும் கணக்கு உண்டு. சூரியனின் ஆரத்தைப்போல முப்பது மடங்கு. பெரிய விண்மீனின் ஆரமோ நூறு மடங்கு. அப்படியானால் துணை அதன் வயிற்றுக்குள்ளேயே ஓட வேண்டும்.

பிரிஸ்கில்லா கணக்கை மூன்று முறை போட்டாள். விடை மாறவில்லை. நேர்காணலில் இருப்பவர்கள் இதைக் கேட்காமல் விடமாட்டார்கள். கேட்காமல் விட்டாலும் கணக்கு கணக்குதான்.

வேலைக்குக் கிளம்பிய ஜான், சுவரில் ஒட்டியிருந்த வரைபடத்தின் முன்னால் நின்று தேதிகளை விரலால் தடவினான். அவன் கன்னியப்பனின் நிலத்தில் தண்ணீர் பாய்ச்சுபவன். கன்னியப்பனுக்கு மூன்று ஏக்கரில் நவரைப் பருவ நெல்.

"இது இன்னா, என் நைட் டூட்டியப் போட்டு வச்சிக்கினு கீற?"

அவள் புரியாமல் பார்த்தாள். அவன் தன் கைபேசியில் குறித்துவைத்திருந்த இரவு வாரங்களைக் காட்டினான். விண்மீன் சமமாகத் தெரிந்த எல்லா நாளும் அவனுடைய இரவு வாரங்களில் இருந்தது. ஒன்றுகூடத் தப்பவில்லை.

"ஸ்டாருக்கும் கரண்டு ஆபீஸ்ல தான் ஷிப்ட் போடறாங்க போல" என்றான்.

அந்தப் பக்கத்துப் பம்புசெட்டுகளுக்கு மும்முனை மின்சாரம் ஒரு வாரம் பகலில் வரும், மறு வாரம் மாலை ஏழு மணிக்குமேல் வரும். வந்ததா போனதா என்பதை வீட்டிலிருந்தபடியே தெரிந்துகொள்ள, ஒவ்வொருவரும் மோட்டார் கொட்டகையின் வெளியே ஒரு விளக்கை மோட்டார் லைனிலேயே இணைத்திருப்பார்கள். மும்முனையும் வந்தால்தான் எரியும். கன்னியப்பனுடைய கொட்டகை விளக்கு பிரிஸ்கில்லாவின் மாடிக்கு நூறடி மேற்கே இருந்தது. அவள் பார்ப்பதோ தெற்கே. அதை அவள் ஒரு பொருட்டாக நினைத்ததே இல்லை. ஆனால் அது மாடியின் வெள்ளைக் கைப்பிடிச் சுவரில் பட்டு அவள் கண்ணுக்குள் வந்துகொண்டுதான் இருந்தது.

கண்ணில் இரண்டு வகைச் செல்கள் உண்டு. வெளிச்சத்தில் வேலை செய்பவை கூம்புச் செல்கள். இருட்டில் வேலை செய்பவை குச்சிச் செல்கள். நல்ல இருட்டில் அரை மணி நேரம் இருந்தால் குச்சிச் செல்கள் முழுதாக விழித்துக்கொள்ளும். அவற்றுக்கு நீலமும் வெள்ளையும் நன்றாகத் தெரியும், சிவப்பு ஏறக்குறையத் தெரியாது. பக்கத்தில் விளக்கு இருந்தால் அவை விழிப்பதில்லை. கூம்புச் செல்களே வேலையைப் பார்க்கும். அவை சிவப்பையும் சரியாகவே பார்க்கும். ஆக, விளக்கு எரியும் வாரம் சிவப்பு விண்மீன் தூக்கலாகத் தெரியும், எரியாத வாரம் மங்கும். கையேடு நிலாவைப் பற்றி எச்சரித்ததும் இதற்காகத்தான்.

இது ஊகம். நிரூபிக்க வேண்டுமானால் ஒரே மாலையில், ஒரே இடத்தில், விளக்கை மட்டும் மாற்றிப் பார்க்க வேண்டும். அது இரவு வாரம். வியாழக்கிழமை காலை அவள் பள்ளிக்குப் போகும் வழியில் ஸ்கூட்டரை நிறுத்தி, ஒரு மணி நேரம் விளக்கை அணைக்க முடியுமா என்று கன்னியப்பனைக் கேட்டாள்.

"வெளக்க அணைச்சிட்டா கரண்டு கீதா பூட்ச்சான்னு எனக்கு எப்டிமா தெரியும்? கதிரு வர நேரம் இது."

ஜான் ஸ்டார்ட்டர் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பான் என்று அவள் சொன்னாள். ஜான் தூங்கிவிடுவான், அதற்கு அந்த விளக்கே தேவலாம் என்று அவர் சொன்னார். கடைசியில் தானே வந்து நிற்பதாக ஒப்புக்கொண்டார்.

அன்று இரவு எட்டு மணிக்கு, கொட்டகையில் நிற்க அலுத்துப்போய், ஸ்டார்ட்டரை ஜானிடம் விட்டுவிட்டு மாடிக்கு வந்தார். அந்த வீட்டுப் படியில் அவர் கால் வைத்தது அதுதான் முதல் முறை. பிரிஸ்கில்லா நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். தான் பார்த்தால் போதாது என்பது அவளுக்கு அப்போது தோன்றியது. என்ன தெரிய வேண்டும் என்று அவளுக்கு முன்பே தெரியும், கண் அதற்குத் தகுந்தாற்போல் வளைந்துகொடுக்கும். கன்னியப்பனுக்கு ஒன்றும் தெரியாது. விளக்கு எதற்கு அணைகிறது என்பதையும் அவள் சொல்லியிருக்கவில்லை.

விளக்கு எரியும்போதே அவரைப் பார்க்கச் சொன்னாள். நடுவில் சிவப்பாக ஒன்று, பக்கத்தில் வெள்ளையாக ஒன்று, எது பெரிது?

அவர் குனிந்து வெகுநேரம் பார்த்தார். "ரெண்டும் ஒண்ணு மாரி தான் கீது."

அவள் அதைக் குறித்துக்கொண்டு அண்ணனுக்குக் குரல் கொடுத்தாள். விளக்கு அணைந்தது, மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. அரை மணி நேரம் இருட்டில் உட்கார்ந்தார்கள். கன்னியப்பன் கைபேசியை எடுக்கப் போனார், வேண்டாம் என்றாள். நெல் விலையைப் பற்றியும் தன் மகள் செங்கல்பட்டில் படிப்பதைப் பற்றியும் அவர் பேசினார். எட்டே முக்காலுக்கு மறுபடி பார்க்கச் சொன்னாள்.

"வெள்ள தான் பெருசு. செவப்பு மங்கிப் பூட்ச்சி." தலையைத் தூக்கி அவளைப் பார்த்தார். "நடுவுல எத்தையாவது திருப்பிட்டியா?"

"இல்லண்ணா. அது மூவாயிரம் வருசத்துக்கு முன்னாடி கெளம்புன வெளிச்சம். அது மாறல. மாறினது நம்ப கண்ணு."

பிறகு அவள் பார்த்தாள். நான்கு படி மங்கல்.

கன்னியப்பன் இறங்கிப் போனதும் ஜான் மேலே வந்தான். வேலை கிடைக்காமல் போகுமா என்று கேட்டான். விண்ணப்பத்தின் முதல் வரியே தப்பு, அதைப் பார்த்துத்தான் கூப்பிட்டிருப்பார்கள் என்று அவள் சொன்னாள்.

"திங்கக்கெயம வரைக்கும் கம்னு இரேன். அந்த ஸ்டார எவன் பாக்கப் போறான்?"

"யாரும் பாக்க மாட்டாங்க. அதான் பேஜாரு. நான் எழுதிக் குடுத்தது அப்பிடியே நின்னுடும்."

ஜான் மடை மாற்ற வேண்டும் என்று இறங்கிப் போனான்.

அவள் அன்றே மின்னஞ்சல் அனுப்பினாள். விண்மீன் மாறவில்லை, மாற்றம் பார்ப்பவரின் கண்ணில், காரணம் பக்கத்து விளக்கு என்று ஆறு வரி. கீழே அன்றைய அளவுகள். இரண்டாம் பார்வையாளர் என்ற இடத்தில் 'கன்னியப்பன், விவசாயி' என்று எழுதினாள்.

வெள்ளிக்கிழமை மதியம் பதில் வந்தது. விண்ணப்பத்தில் மாற்றம் இருப்பதால் குழு மறுபடி பார்க்க வேண்டியிருக்கிறது, திங்கட்கிழமை வர வேண்டாம், தேதி இருந்தால் பின்னர் தெரிவிக்கிறோம். பள்ளி ஓய்வறையில் அதை இரண்டு முறை படித்தாள். அடுத்த பாடவேளைக்கு மணி அடித்தது.

மாலை வீட்டுக்கு வந்து முப்பத்தெட்டு அளவுகளையும் இரண்டு பட்டியலாகப் பிரித்தாள். விளக்கோடு எடுத்த பத்தொன்பதைக் கோடிட்டு அடித்தாள். மிச்சம் பத்தொன்பது, எல்லாம் நல்ல இருட்டில் எடுத்தவை. அவற்றில் மிகப் பெரிய அளவுக்கும் மிகச் சிறிய அளவுக்கும் இடையில் ஒரு படிதான் வேறுபாடு, அது பழகிய கண்ணும் தவறக்கூடிய அளவு. பதினொரு வாரத்தில் அந்த விண்மீன் அசையவே இல்லை. அவள் அதை நோட்டில் எழுதி, தேதி போட்டாள்.