வெயிலில் மட்டும் தெரிகிற சிவப்பு

தலைமுடிக்குச் செக்கச்செவேலென்று சாயம் போட்டுக்கொள்ளப் போவதாக மருமகள் சொன்னதும், மாமியார் கேட்ட முதல் கேள்வி, "ப்ளீச் போடுவாங்களா?" என்பதுதான்.

ஏன் எதற்கு என்பார், பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்பார் என்றெல்லாம் எண்ணி, ஒவ்வொன்றுக்கும் பதிலை இரண்டு நாளாக வாய்க்குள் உருட்டி வைத்திருந்தாள் அவள். இந்தக் கேள்விக்கு மட்டும் பதில் தயாராக இல்லை. போடுவார்கள் என்றாள். பார்லரில் அந்தப் பெண் அவள் பின்னலைக் கையில் தூக்கிப் பார்த்துவிட்டு, கரிக்கட்டை மாதிரி முடி, இரண்டு தடவை வெளுத்தால்தான் எந்த நிறமும் ஏறும் என்று சொல்லியிருந்தாள்.

"அப்ப வேண்டாம்," என்றார் மாமியார். சாப்பாட்டுத் தட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "கலர் என்ன வேணா போட்டுக்க. ப்ளீச் வேண்டாம்."

மாமியாருக்குப் பள்ளிக்கூடத்து வேதியியல் ஆய்வகத்தில் உதவியாளர் வேலை. இருபத்தாறு வருடமாகக் குடுவைகளைக் கழுவி, அமிலங்களை அளந்து ஊற்றி, பிள்ளைகள் சிந்தியதைத் துடைத்து வருகிறவர். ப்ளீச்சில் இருக்கிற பெராக்சைடு பட்ட விரல் நுனி எப்படி வெளுக்கும், எப்படிக் காந்தும் என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. முடியில் இருக்கிற கறுப்பை மட்டும் எடுத்துக்கொண்டு அது சும்மா போய்விடாது, கூடவே முடியின் உயிரையும் எடுத்துக்கொண்டுதான் போகும் என்று கை கழுவும்போது சொன்னார். சொல்லிவிட்டு, வேறு வழி இருக்கிறதா என்று தானே தேடிப் பார்ப்பதாகவும் சொன்னார். மருமகளுக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

ஏன் என்று அவர் கேட்காததற்குக் காரணம், அவருக்குத் தெரியும் என்பதுதான்.

அவளுடைய கணவன் சரக்குக் கப்பலில் இன்ஜின் அறை ஃபிட்டர். போனால் ஒன்பது மாதம். கல்யாணமாகி மூன்று வருடத்தில் இருவரும் ஒரே கூரையின் கீழ் இருந்தது பத்து மாதம்கூடத் தேறாது. கப்பல் துறைமுகத்தில் நிற்கும் நாட்களில்தான் ஃபோன். அங்கே அவன் வேலை முடித்துக் குளித்துவிட்டு வரும்போது இங்கே இரவு எட்டு மணி. ஃபோனைச் சுவரில் சாய்த்து வைத்துக்கொண்டு பேசுவான். பேச்சில் குறை சொல்ல முடியாது. கேட்பான், சிரிப்பான், அம்மாவுக்கு மாத்திரை இருக்கிறதா என்று விசாரிப்பான். கண் மட்டும் எங்கேயோ இருக்கும். ஃபோனுக்குக் கொஞ்சம் மேலே, அல்லது கையில் பிடித்திருக்கும் டீ கப்பில்.

அவள் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை செய்கிறவள். வருகிறவர்களின் மூக்குக்கும் காதுக்கும் ஏற்ப ஃப்ரேமை வளைத்து, திருகி, மாட்டிப் பார்த்துக் கொடுப்பது அவள் வேலை. யாருக்கு எந்த ஃப்ரேம் எடுக்கும் என்று ஆள் உள்ளே நுழையும்போதே சொல்லிவிடுவாள். இரண்டு மாதத்துக்கு முன் தனக்கென்று பச்சை நிறத்தில் வட்டமாக ஒன்றைத் தேர்ந்தெடுத்து மாட்டிக்கொண்டாள். கடையில் எல்லோரும் கவனித்தார்கள். தபால்காரர்கூட நின்று பார்த்துவிட்டுப் போனார். கணவனோடு மூன்று முறை பேசியாயிற்று. ஒரு வார்த்தை இல்லை. நான்காம் முறை, பேச்சுக்கு நடுவே அதைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டினாள். "தூக்கம் வருதா? வச்சிடவா?" என்றான்.

அன்றைக்குத்தான் முடிவெடுத்தாள். யாராலும் பார்க்காமல் இருக்க முடியாத எதையாவது செய்துகொள்ள வேண்டும்.

மாமியார் சொன்னபடியே தேடினார். அவர் தேடின விதத்தைப் பார்த்து மருமகளுக்குச் சிரிப்பும் வந்தது, கொஞ்சம் பயமும் வந்தது. சீப்பில் சிக்கிய முடியை எறியக்கூடாது என்று உத்தரவு. அதைச் சேர்த்துச் சின்னச் சின்னக் கற்றையாக நூலில் கட்டினார். கடையிலிருந்து ஐந்தாறு விதமான சாயம் வந்தது. எல்லாம் முடியை வெளுக்காமல் மேலே படிந்து நிற்கிற வகை, பத்துப் பதினைந்து தடவை குளித்தால் கரைந்து போகிறது. டப்பாவின் பின்னால் இருந்த பொடி எழுத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தார். ஒவ்வொரு கற்றையையும் ஒவ்வொரு கிண்ணத்தில் ஊறவைத்து, அலசி, காயவைத்து, காகிதத்தில் ஒட்டி, அடியில் பெயரும் நேரமும் எழுதினார். ஆரஞ்சு போட்ட இடமே தெரியவில்லை. இளஞ்சிவப்பு போன வழி தெரியாமல் போயிற்று. நீலம் இருட்டில் இன்னும் இருட்டாயிற்று. கருஞ்சிவப்பு ஒன்றுதான், அதுவும் ஜன்னலோரம் கொண்டுபோய்ப் பிடித்தால், உள்ளேயிருந்து கனன்றது.

"இதுக்கு மேல கேக்கக் கூடாது," என்றார். "கறுப்புத் துணியில மஞ்சத்தண்ணிய ஊத்தினா மஞ்சளாயிடுமா? உன் கறுப்போட சேர்ந்து எது நிக்குதோ அதுதான்."

காதுக்குப் பின்னால் சாயத்தில் ஒரு பொட்டு வைத்து இரண்டு நாள் பார்த்தார்கள். அரிப்பில்லை, தடிப்பில்லை. ஒரு விடுமுறை நாள் காலையில் தலையை ஷாம்பூ போட்டு எண்ணெய்ப் பசை போக அலசி, நன்றாகக் காயவைத்தார்கள். குளியலறையில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அவளை உட்காரவைத்து, நெற்றியோரத்திலும் காதிலும் வாஸ்லின் தடவி, ஆய்வகத்துக் கையுறையை மாட்டிக்கொண்டு மாமியார் வேலையை ஆரம்பித்தார். முடியை நான்காக வகிர்ந்து, ஒவ்வொரு கற்றையாக எடுத்து, வேரிலிருந்து நுனிவரை அப்பினார். அவர் விரல் தலையில் பட்டதே அன்றுதான் முதல் தடவை.

பிளாஸ்டிக் தொப்பி போட்டு இரண்டு மணி நேரம் காத்திருக்க வேண்டும். குளியலறை வாசலில் மாமியார் ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்தார். பள்ளிக்கூடத்துக் கதை கொஞ்சம், மூட்டுவலி கொஞ்சம். பிறகு பேச்சு மகனிடம் வந்து நின்றது.

"எங்கிட்டப் பேசும்போது அவன் சாப்பிட்டுக்கிட்டே பேசுவான், கவனிச்சிருக்கியா?" என்றார். "மெல்லுற சத்தம் கேக்கும். வயித்துக்குச் சாப்பிடுறான்ல, அது போதும்னு வச்சுக்குவேன்."

மருமகள் தொப்பியை இழுத்து விட்டுக்கொண்டாள். மாதத்தில் இரண்டு மூன்று நாள் வருகிற ஃபோனில் தனக்குக் கிடைப்பது குறைவு என்று அவள் எண்ணிக்கொண்டிருந்தாள். அதிலும் ஓரத்தைக் கிள்ளி வாங்கிக்கொண்டு ஒருவர் பக்கத்து அறையில் அதுவே போதும் என்று மனதைத் தேற்றிக்கொண்டிருந்தது அவளுக்கு இத்தனை நாள் தோன்றவில்லை.

குளிர்ந்த தண்ணீரில் அலசியபோது சாக்கடை வாய் ரத்தமாக ஓடியது. துவட்டி, உலர்த்தி, கண்ணாடி முன்னால் போய் நின்றாள். கறுப்பு. காலையில் எழுந்தபோது இருந்த அதே கறுப்பு. இப்படியும் திரும்பினாள், அப்படியும் திரும்பினாள். மாமியார் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டுபோய் பால்கனியில் நிறுத்தினார்.

வெயில் பட்டதுதான் தாமதம். தோளில் கிடந்த முடி மாதுளை முத்தாக மின்னியது. கையில் அள்ளிப் பார்த்தாள். நிழலுக்கு நகர்ந்தால் போயிற்று, வெயிலுக்கு வந்தால் வந்தது. கீழே துணி உலர்த்திக்கொண்டிருந்த பக்கத்து வீட்டுப் பெண் அண்ணாந்து பார்த்து, என்ன இது, புதுசா இருக்கே என்றாள்.

அன்று இரவு எட்டு மணிக்கு ஃபோன் வந்தது. டியூப்லைட்டுக்கு நேர் கீழே நாற்காலியை இழுத்துப் போட்டு, முடியை முன்னால் விட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். அவன் துறைமுகத்தில் மழை பெய்வதைச் சொன்னான், பம்ப் ஒன்று மக்கர் பண்ணுவதைச் சொன்னான். கால் மணி நேரம் கழித்து ஒரு நொடி திரையைப் பார்த்தான்.

"என்ன, தலைக்கு எண்ணெய் வச்சிருக்கியா?"

"ஆமா," என்றாள்.

சமையலறையிலிருந்து ஈரக் கையோடு வந்த மாமியார் ஃபோனை வாங்கினார். மகன் மேல் ஒரு கடுஞ்சொல் வந்து விழாத வீடு அது. அன்றும் விழவில்லை. எங்கள் காலை ஏழரை உனக்கு எத்தனை மணி என்று கேட்டார். நாலரை என்றான். அப்படியென்றால் நாளைக்கு நாலரைக்கு எழுந்து பேசு என்றார். ராத்திரியே கப்பல் கிளம்புகிறது, அடுத்த கரை பன்னிரண்டு நாள் கழித்துத்தான் என்றான்.

"பன்னெண்டு நாள் கழிச்சு எழுந்திரு. ஒரு நாள் நீ முன்னாடியே எழுந்தா கப்பல் கவுந்துடாது." காரணம் கேட்டான். சொல்லவில்லை.

அந்தப் பன்னிரண்டு நாளும் அவள் முடியைக் கட்டிக் காத்தாள். தலைக்குத் தண்ணீர் ஊற்றுவதைத் தள்ளிப் போட்டாள். ஊற்றினாலும் பச்சைத் தண்ணீர்தான். அப்படியும் தலையணை உறையில் இளஞ்சிவப்பு ஏறியது, துண்டில் ஏறியது. முடியில் இருந்தது நாளுக்கு நாள் இறங்கியது. காலையில் பஸ்ஸுக்கு நிற்கும்போது ஒரு கற்றையை வெயிலில் பிடித்து, இன்னும் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வாள். கடையில் ஒரு வாடிக்கையாளருக்கு இடது காதுக் கம்பியை வளைப்பதற்குப் பதில் வலதை வளைத்துவிட்டுத் திட்டு வாங்கினாள். பத்தாம் நாள், மறுபடி ஒரு தரம் போட்டுவிடலாமா என்று மாமியாரைக் கேட்டாள். இருப்பது போதும், தெரியும் என்றார் அவர்.

பதின்மூன்றாம் நாள் காலை ஏழரைக்குச் சரியாக ஃபோன் அடித்தது. பால்கனிக்கு ஓடினாள். திரையில் அவன் முகம் தூக்கத்தில் வீங்கியிருந்தது. என்ன விஷயம், அம்மாவுக்கு ஏதாவதா என்று பதறினான். ஒன்றுமில்லை என்று முடியை அவிழ்த்து விட்டாள்.

"கொஞ்சம் திரும்பு," என்றான். "இன்னும் கொஞ்சம். வெயில் பக்கம்."

அப்புறம் சத்தமே இல்லை. படம் நின்றுவிட்டதோ என்று பார்த்தாள். நிற்கவில்லை, அவன் கண் சிமிட்டியது.

"எப்போ போட்ட?"

"நீங்க எண்ணெய் வச்சியான்னு கேட்டீங்களே, அன்னைக்குக் காலைல."

அவன் சிரிக்கவில்லை.

"கண்ணாடியும் புதுசுதான்," என்றாள். சொல்லக் கூடாது என்றிருந்தவள், சொல்லிவிட்டாள்.

"தெரியும். பச்சை. ரெண்டு மாசமாப் போட்டிருக்க."

அவளுக்குச் சட்டென்று கோபம் வந்தது. தெரிந்துகொண்டா வாயைத் திறக்கவில்லை என்று கேட்டாள். அவன் முகத்தைத் தேய்த்துக்கொண்டான். பின்னால் யாரோ புரண்டு படுக்கும் ஓசை கேட்டது, குரலைத் தாழ்த்தினான்.

"உன்னை நல்லாப் பார்த்துட்டா அப்புறம் ராத்திரி நகராது. மறுநாள் ஸ்பேனரைக் கையில வச்சுக்கிட்டு, எதுக்கு எடுத்தோம்னு நிப்பேன். அந்த ரூம்ல அப்படி நிக்கக் கூடாது. அதான் குரலை மட்டும் கேட்டுக்கிட்டு, கண்ணை வேற எங்கயாச்சும் வச்சுக்கப் பழகிட்டேன்."

"சொல்லியிருக்கலாம்ல?"

"என்னன்னு சொல்றது."

அவன் பார்த்துக்கொண்டே இருந்தான். அவளுக்குப் பஸ் போயிற்று. திரும்பு என்றான், திரும்பினாள். நல்லா இருக்கு என்றோ இல்லை என்றோ அவன் சொல்லவில்லை. "இன்னைக்கு வேலை அவ்வளவுதான்," என்றான். அதோடு லைன் அறுந்தது.

உள்ளே மாமியார், கழுவிய தம்ளரையே மறுபடி கழுவிக்கொண்டிருந்தார்.

"பார்த்தானா?"

"பார்த்தாரு அத்தை. உங்களைக் கேட்டாரு, அதுக்குள்ள கட்டாயிடுச்சு."

"கேட்டிருப்பான், கேட்டிருப்பான்," என்று தம்ளரைக் கவிழ்த்து வைத்தார்.

மறுநாள் காலை அவன் மறுபடி அழைத்தபோது அவள் எடுத்தவுடனே, முதலில் அத்தையிடம் பேசுங்கள், சாப்பாட்டுத் தட்டில்லாமல் வெறும் கையோடு உட்கார்ந்து பேசுங்கள் என்று சொல்லி ஃபோனைக் கொண்டுபோய்க் கொடுத்தாள். கதவைச் சாத்திவிட்டு வெளியே நின்றாள். இருபது நிமிடம் ஆயிற்று. மாமியார் வெளியே வந்ததும் பையை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பினார். சாப்பாட்டு டப்பாவை மறந்துவிட்டுப் போனார்.

அவன் வர இன்னும் ஐந்து மாதம் இருந்தது. கரை வந்தபோதெல்லாம் காலையில்தான் அழைத்தான். நேருக்கு நேர் பார்த்துத்தான் பேசினான். இதைத்தானே கேட்டோம் என்று அவளுக்கு நிறைவாகத்தான் இருந்தது, முதல் சில நாட்கள். பிறகுதான் தெரிந்தது அதன் கனம். அவன் பார்த்த நாளில் கடையில் கை ஓடாது. மாலையில் வீட்டுக்கு வந்தால் இரண்டு அறை வீடு இருபது அறை வீடு மாதிரி வெறிச்சென்றிருக்கும். படுக்கையின் அவன் பக்கத்தைத் தட்டிச் சரிசெய்துவிட்டு, எதற்குச் செய்தோம் என்று நிற்பாள்.

மூன்றாவது மாதத்தில் ஒரு காலை. சாயம் புதிதாகப் போட்டிருந்தது, வெயிலும் நன்றாக அடித்தது. அவன் பார்த்துக்கொண்டிருந்தான். அவளுக்குத் தாங்கவில்லை. பேச்சை விடாமல், கண்ணை மட்டும் மெல்ல எடுத்து எதிர்வீட்டுக் கொடியில் ஆடும் துணிகளின்மேல் வைத்துக்கொண்டாள். நீலச் சட்டை ஒன்று, குழந்தையின் காலுறை இரண்டு. அவற்றைப் பார்த்தபடியே அவன் கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள்.

அவன் கவனித்தான் என்று அவளுக்குத் தெரிந்தது. ஏன் என்று அவன் கேட்கவில்லை.