காகிதக் கோப்பையில் வார்த்த வைன்

மொன்றியலின் புறநகரான ரொக்ஸ்பரோவிலிருந்த தன் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் நிரோஜா வரைபடத்தை விரித்தபோது, அந்தப் பயணம் முழுக்க அவளுடையதாகவே இருந்தது. மொன்றியலிலிருந்து காரில் புறப்படுவது. கடலோரச் சாலையில் ஆறுதலாக ஊர்வது. நோவா ஸ்கோசியாவின் திராட்சைத் தோட்டங்களில் தங்கித் தங்கி வைன் சுவைப்பது. சென்ட் லோரன்ட் மருந்துத் தொழிற்சாலையில் அருகருகே நின்று வேலைசெய்யும் அவளும் கௌசலாவும் ஒரு பனிக்காலம் முழுவதும் பேசிப் பேசி வளர்த்த ஆசை அது. கலியாண வீடு, செத்த வீடு தவிர வேறெதற்கும் நிரோஜா இந்த நகரத்தைத் தாண்டியதில்லை.

இரு குடும்பமும் சேர்ந்து போகும் திட்டத்தை முடிவாக்க அன்று மாலை கௌசலாவும் அவள் கணவன் றொபின்சனும் முதன்முறையாக வீட்டுக்கு வந்திருந்தார்கள். வரவேற்றவர் நிரோஜாவின் கணவர் தியாகலிங்கம், காப்புறுதி முகவர், "தமிழருக்குள் பிரிவில்லை" என்று சங்க மேடைகளில் முழங்கிக் கைதட்டு வாங்குகிறவர்.

"தம்பியும் எங்கடை ஊராம். அதிலை எந்தப் பக்கம்?"

"வடக்குப் பக்கம், அண்ணை."

"வடக்கெண்டா, பள்ளிக்கூடத்துக்கு அங்காலையோ இஞ்சாலையோ?"

"அங்காலை."

"ஓ!" என்றார் தியாகலிங்கம்.

அந்த ஒற்றை எழுத்து நிரோஜாவின் நெஞ்சில் கல்லாக விழுந்தது. ஊரை விசாரிப்பதுபோல் சாதியை விசாரிக்கும் வித்தை! எத்தனை கடல் தாண்டியும் அது துருப்பிடிக்கவில்லை. அகதி என்று கைகட்டி நின்ற வரிசையில், நீ எந்தப் பக்கத்தான் என்று இந்த நாடு அவரைக் கேட்டதா?

அவர் எழுந்து குசினிக்குப் போனார். திரும்பியபோது தமக்கும் மனைவிக்கும் பளிங்குக் கிளாசுகள் இரண்டு. வந்தவர்களுக்குப் பிள்ளையின் பிறந்தநாளில் மிஞ்சிய, பலூன் படம் போட்ட காகிதக் கப்புகள் இரண்டு. நான்கிலும் வைன் வார்த்தார்.

நிரோஜா பார்த்தாள். பார்த்தும் பேசவில்லை. வந்தவர்கள் முன்னால் எதற்கு என்ற பழக்கம் அவள் நாக்கைப் பிடித்துக்கொண்டது.

கௌசலா பலூனைத் திருப்பிப் பார்த்தாள். "ஆருக்கண்ணை பேர்த்டே?" என்று சிரித்தபடி குடித்து முடித்தாள். றொபின்சன் தன் கப்பைத் தொடவில்லை.

தியாகலிங்கம் வரைபடத்தைத் தம் பக்கம் இழுத்தார். "தங்கிறதுக்கு ஒரு கொட்டேஜ் காணாது, ரெண்டு எடுப்பம். இவையள் தனிய இருந்தா இவையளுக்கும் வசதி. சமையலையும் வேறை வேறையா வைப்பம்."

"ஏன் வேறை?" என்றாள் நிரோஜா.

"சும்மா ஒரு வசதிக்குத்தான், நிரோ."

"அலுமாரியிலை இன்னும் நாலு கிளாஸ் கிடக்கு. இவைக்குக் கப்பிலை ஊத்தினதும் வசதிக்குத்தானோ?"

"கழுவுற வேலை மிச்சமெண்டு..."

"இந்த வீட்டிலை நீங்கள் எப்ப கிளாஸ் கழுவினனீங்கள்?"

றொபின்சனுக்குச் சிரிப்பு வெடித்தது. தியாகலிங்கத்தின் முகம் கறுத்தது. "மெல்லக் கதையும். ஆக்கள் இருக்கினம்."

"இவையளும் ஆக்களெண்டு இப்பதான் தெரியுதோ? அங்கை தோட்டத்திலை உங்களுக்குப் புதுக் கிளாஸே தரப்போகினம்? வாறவன் போறவன் எல்லாரும் வாய் வைச்சதைத்தான் கழுவித் தருவினம். அவன் எந்தப் பக்கமெண்டு விசாரிச்சிட்டோ குடிப்பியள்? ஊர் பேர் தெரியாதவன்ரை எச்சில் கழுவினாப் போகும், என்ரை சிநேகிதியின்ரை எச்சில் மட்டும் போகாதோ?"

"எனக்கு உதெல்லாம் இல்லையெண்டு எல்லாருக்கும் தெரியும்! நாளைக்குப் பிள்ளையளுக்குக் கலியாணம் பேச வேணும். ஒரே வீட்டிலை தங்கினதெண்டு கதை வந்தா?"

அவ்வளவுதான். மேடையில் ஒரு வாய், மேசையில் ஒரு வாய்! உள்ளே கிடந்தது தானாகவே வெளியே வந்துவிட்டது.

கௌசலா எழுந்து ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டாள். றொபின்சனும் எழுந்தான். நிரோஜா கார் வரைக்கும் பின்னால் ஓடினாள்.

"கௌசி..."

"நீ கதைச்சதெல்லாம் சரி," என்றாள் கௌசலா, திரும்பாமலே. "ஆனா அந்தக் கப்பை என்ரை கையிலை தரேக்கை நீ பாத்துக்கொண்டு நிண்டனீ. நான் குடிச்சு முடியுமட்டும் பாத்துக்கொண்டு நிண்டனீ."

கணவர்மேல் எரிந்த தீ அந்த நொடியில் நிரோஜாவையே சுட்டது.

"ஓம். நிண்டனான்."

கௌசலா இப்போதுதான் அவள் முகத்தைப் பார்த்தாள். "நாங்கள் போகத்தான் போறம். வாறதெண்டா எங்கடை காரிலை வா. ஒரு வீடு, ஒரு சட்டி. உன்ரை பிள்ளையளின்ரை கலியாணத்துக்கு அது பழுதெண்டா இப்பவே சொல்லு."

"ஒரு நிமிசம் நில்," என்றாள் நிரோஜா.

அவள் உள்ளே போனாள். அலமாரியைத் திறந்து நான்கு கிளாசுகளையும் துவாயில் சுற்றினாள். மேசையிலிருந்த தன் கிளாசின் வைனைத் தொட்டியில் கொட்டினாள். கணவரின் கையிலிருந்த கிளாசையும் வாங்கி, அதையும் கொட்டி, இரண்டையும் அதே துவாயில் சேர்த்தாள்.

"என்ன செய்யிறீர்?"

"எங்கடை பயணத்துக்குக் கிளாஸ் வேணும்," என்றாள், வரைபடத்தை மடித்தபடி. "உங்களுக்குக் கப் கிடக்கு."

வெளியே கார் இன்னும் நின்றிருந்தது. கௌசலா சிரிக்கவில்லை, ஆனால் இறங்கி வந்து டிக்கியைத் திறந்தாள்.