மூர்த்தியின் பாடு

கிட்ட வந்து குந்துங்க கண்ணுங்களா. ஏரியில நடந்த ஒரு கூத்தைச் சொல்றேன். சிரிச்சு வயிறு வலிச்சா என்னைக் கேக்காதீங்க.

பிலோமினா பொண்ணு சோபியா, மீஞ்சூர் கம்பெனியில வேலை பார்க்கிறவள். கிறிஸ்துமஸுக்குக் கோயில்ல போட்டுக்காட்ட நாலு நிமிஷப் படம் ஒண்ணு போன்லயே எடுத்தாள். தேவதூதர் வந்து மேய்ப்பர்களுக்கு நல்ல சேதி சொல்ற பாட்டுதான் கதை. ஏரிக்குள்ள ஆடு ஏது? மேய்ப்பரை மீன்பிடிக்கிறவராக்கிட்டாள். பேச்சே கிடையாது. தண்ணி, வானம், முகம், அவ்வளவுதான். அதுக்கு மேலே கோயில்ல பாடுற எப்சிபா பாடிக் கொடுத்த பாட்டை ஒட்டிடுவாள்.

கடைசிக் காட்சி மட்டும் பாக்கி. மீன்பிடிக்கிறவரா நடிக்கிற நம்ம வரதன் படகுல நின்னு, வானத்தைப் பார்த்துப் பாடுற மாதிரி வாயசைக்கணும். மறுநாளே படம் போட்டாகணும். சூரியனோ தண்ணியைத் தொடப்போவுது. அந்தச் செவப்பு போச்சுன்னா படமும் போச்சு.

கரையிலிருந்து கத்தினாள்: “அண்ணா, பாடு.”

ஏரியில யாருக்கு எந்த நாள், எந்த இடத்துல வலைன்னு சீட்டுப் போட்டு முறை வச்சிருக்கோம். அந்த முறைக்கும் பாடுன்னுதான் பேர். வரதனுக்கு அதுதான் நெனப்பு.

“என் பாடு இல்ல பாப்பா. இன்னிக்கு மூர்த்தி மாமா பாடு.”

“மூர்த்தி மாமா பாட்டு யாருக்கு வேணும்? நீயே பாடு.”

பக்கத்துப் படகுல இருந்த மூர்த்தி காதுல இது விழுந்துடுச்சு. எறால் வலையைப் பாதியில விட்டுட்டுக் கோலை ஊன்றி வந்துட்டார்.

“இன்னா வரதா, என் பாட்டுல உனக்கு இன்னா வேலை? படம் புடிக்கிறேன்னு என் எறாவைப் புடிக்க வந்தியா?”

“வலையை நனைக்கவே இல்ல மாமா. மேல பார்த்து நில்லுன்னாங்க, நிக்கிறேன்.”

“மேல இன்னாடா இருக்கு? எறாவா?”

மூர்த்தி வானத்தைக் காட்டிக் காட்டி, வரதனோட அப்பா வரைக்கும் இழுத்துத் திட்டினார். வரதன் நெஞ்சுல கைவச்சுச் சத்தியம் பண்ணினான். சோபியா கெஞ்சினது ரெண்டு பேருக்கும் கேக்கல. பாதி சூரியன் முழுகிடுச்சு. வர்றது வரட்டும்னு அழுதுக்கிட்டே போன்ல பட்டனை அமுக்கிட்டாள்.

மறுநாள் சாயங்காலம் கோயில்ல படம் ஓடுச்சு. திட்டின சத்தத்தை எடுத்துட்டு எப்சிபா குரலைச் சேர்த்திருந்தாள். செவந்த தண்ணியில ரெண்டு பேர். ஒருத்தர் வானத்தைக் காட்டுறார், இன்னொருத்தர் நெஞ்சுல கைவச்சு அண்ணாந்து பார்க்கிறார். ஜனம் முந்தானையால கண்ணைத் துடைச்சுது. ஃபாதர் எழுந்து வந்து மூர்த்தி கையைப் புடிச்சார்.

“தேவதூதரை நேர்ல பார்த்த முகம்யா உமக்கு.”

மூர்த்தி வரதன் காதுல குனிஞ்சார். “அப்ப நான் உங்க நைனாவைத் திட்டிக்கினு இருந்தேன் மாப்ளே. சொல்லிடட்டுமா?”

“வாயை மூடு மாமா. நைனாவும் அங்கதான் குந்தி அழுவுறாரு.”

கேட்ட உங்க வீட்டுல வெளக்கு நின்னு எரியட்டும், சோறு பொங்கி வழியட்டும், திட்டினவங்களும் திட்டு வாங்கினவங்களும் ஒரே பந்தியில உக்காந்து சாப்பிடட்டும்.