ஆறாவது தலை

1

இந்தக் கதை ஒரு காலரில் தைத்த நூலிலிருந்து தொடங்கியது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

ட்ரோம்ஸோவில் துருவ ஒளி பார்க்கப் போகிறவர்களுக்குக் குளிருடுப்பு வாடகைக்கு விடும் கடையில் நான் வேலை பார்க்கிறேன். கழுத்திலிருந்து கணுக்கால்வரை ஒரே துண்டாக வரும் கறுப்பு உடுப்பு. ஊரிலுள்ள சின்னச் சுற்றுலாக் கம்பெனிகள் எங்களிடம்தான் எடுக்கின்றன. எது யாருக்குக் கொடுத்தது என்று தெரிய, காலரின் உள்பக்கம் நூல் தைத்து வைப்பேன். யோருனின் கம்பெனிக்கு நீலம், எட்வினின் கம்பெனிக்கு மஞ்சள். வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் ஒன்றுதான்.

சூரியன் இன்னும் திரும்பியிராத ஜனவரியில் ஒரு நாள் யோருன் எங்கள் உலர்த்தும் அறைக்கு வந்து உடுப்புகளை இறக்கினாள். நான் ஒவ்வொன்றாகக் கொக்கியில் மாட்டினேன். ஒன்றில் மஞ்சள் நூல் இருந்தது.

"இது எட்வினுது ஆச்சே" என்றேன்.

சாதாரணமாகத்தான் சொன்னேன். அவள் அப்படியே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு நடந்ததையெல்லாம் சொன்னாள். கேட்டது இன்னும் மனசை விட்டுப் போகவில்லை. எழுதினாலாவது போகுமா என்று பார்க்கிறேன்.

எழுதிப் பார்த்த ஆரம்பங்கள்:

வானம் பச்சைப் பட்டுச் சேலையை விரித்தாற்போல

(வேண்டாம். பட்டுச் சேலை இங்கே எங்கிருந்து வந்தது? தவிர, இந்தக் கதையில் முக்கியமான நேரத்தில் வானத்தை யாருமே பார்க்கப்போவதில்லை.)

யோருன் மிக நல்ல வழிகாட்டி, அவளுக்குப் போய் இப்படி ஒரு

(இதுவும் வேண்டாம். படிக்கிறவர் உடனே அவள் பக்கம் சாய்ந்துவிடுவார். அவசரப்பட்டுச் சாய வேண்டாம்.)

யோருன் எண்ணினாள். சரியாக இருந்தது.

இதை வைத்துக்கொள்கிறேன்.

2

யோருன் எண்ணினாள். சரியாக இருந்தது. ஆறு பேர்.

துறைமுகத்தில், வெள்ளை வேனுக்குப் பக்கத்தில் நின்று ஒவ்வொருவராக ஏற்றினாள். டென்மார்க்கிலிருந்து வந்த பெந்த்தும் அவர் மனைவி கிர்ஸ்டனும் ஏறும்போதே தர்க்கத்தில் இருந்தார்கள். தடித்த சாக்ஸை ஓட்டலில் விட்டுவிட்டு வந்தது யார் என்பது விஷயம். போர்ட்டோவிலிருந்து வந்த அக்கா தங்கை, இனெஸும் க்ளாராவும், அதைக் கேட்டுச் சிரித்துக்கொண்டே ஆளுக்கு இரண்டு ஜோடி போட்டிருப்பதாகக் காலைத் தூக்கிக் காட்டினார்கள். புசானிலிருந்து வந்த மாணவி ஹேவோன் யாரோடும் பேசவில்லை. கேமராவின் முக்காலியைக் கைக்குழந்தையைப் பிடிப்பதுபோலப் பிடித்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்தாள். யோருன் கதவைச் சாத்தினாள்.

அந்தக் கதவின்மேல் அவளுடைய கம்பெனியின் விளம்பரம் எழுதியிருக்கும்: "சின்னக் குழு. உங்கள் பெயர் எங்களுக்குத் தெரியும்."*

(* இந்த ஊரில் டாக்டரையும் பள்ளித் தலைமையாசிரியரையும்கூடப் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். ஐயா, அம்மா எல்லாம் கிடையாது. ஆகவே பெயர் மறந்துபோனால் கூப்பிட வேறு வழியே இல்லை. இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.)

யோருனை எப்படி எழுதுவது என்று எனக்கு ஒரு சந்தேகம். நிஜத்தில் அவள் கலகலப்பானவள், பத்து வருடம் பள்ளிப் பேருந்து ஓட்டியவள், எண்ணுவதில் புலி. எந்தப் பிள்ளையையும் அவள் எங்கேயும் விட்டுவிட்டு வந்ததில்லை. அதை எழுதினால் நடக்கப்போவதை நம்ப மாட்டீர்கள். எழுதாவிட்டால் அவளை அலட்சியக்காரி என்பீர்கள். எழுதிவிட்டேன்.

3

ட்ரோம்ஸோவின்மேல் மேகம். அதனால் எல்லா வேன்களும் போகிற திசையிலேயே அவளும் போனாள். ஷிபோத்ன் பள்ளத்தாக்கு ஏறி, ஃபின்லாந்து எல்லையை ஒட்டிய, உறைந்த ஏரிக்கு. அங்கே வானம் துடைத்துவிட்டாற்போல் இருந்தது. எட்வினின் வேன் ஏற்கெனவே நின்றிருந்தது. அதுவும் வெள்ளை.

"உன் வானம் கெட்டுப்போச்சுன்னு என் வானத்தப் பாக்க வந்துட்டியா?" என்றான் எட்வின்.

"ஆமா. அடுத்த வாரம் உன் பொண்டாட்டி சமையலும் கேட்டு வருவேன்."

"வா, வா. அந்தக் கஷ்டத்துல யாராவது பாதிப் பங்கு எடுத்துக்கட்டும்."

ஒளி வந்தது. அதைப் பற்றி ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன்.

இங்கே சொல்லவேண்டியது விளக்கைப் பற்றி. ஒளி பார்க்கும் இடத்தில் வெள்ளை விளக்கு போட்டால் கொலைவெறியோடு திரும்பிப் பார்ப்பார்கள். இருட்டுக்குப் பழகிய கண் கெட்டுவிடும், படமும் பாழ். அதனால் எல்லோர் நெற்றியிலும் மங்கிய சிவப்பு விளக்கு. கறுப்பு உடுப்பு, தலையில் முக்காடு, கண் மட்டும் தெரியும் முகமூடி, நெற்றியில் சிவப்புப் புள்ளி. பெற்ற தாய்கூட அடையாளம் கண்டுபிடிக்க முடியாது. வழிகாட்டிகள் முகத்தை எண்ணுவதில்லை. தலையை எண்ணுவார்கள்.

யோருன் சூடான கோக்கோ ஊற்றிக் கொடுத்தாள். யாரோ ஒருவர் குடித்த கோப்பையைப் பனியில் தேய்த்துச் சுத்தம் பண்ணித் திருப்பித் தந்தார். பெந்த் இரண்டாவது கோப்பை கேட்டார். கிர்ஸ்டன் அவருடைய சர்க்கரை வியாதியை எல்லோருக்கும் அறிவித்தாள்.

கிளம்பும் நேரம். யோருன் வேனுக்குள் சிவப்பு விளக்கைக் காட்டி எண்ணினாள். நடுவரிசையில் மூன்று, முன்வரிசையில் இரண்டு, கடைசி இருக்கையில் ஜன்னலில் தலைசாய்த்துத் தூங்கும் ஒன்று.

ஆறு. சரியாக இருந்தது.

4

பள்ளத்தாக்கு கடலைத் தொடும் இடத்தில் ஒரு பெட்ரோல் பங்க். எல்லா வேனும் அங்கே நிற்கும். உருளைக்கிழங்கு ரொட்டியில் சுற்றிய சாஸேஜ் சாப்பிடாமல் இந்தப் பக்கத்தில் ஒரு பயணமும் முடியாது. வெளிச்சத்துக்குள் வந்ததும் எல்லோரும் முகமூடியைக் கழற்றினார்கள். க்ளாராவின் மூக்கு சிவந்திருந்தது. பெந்த் கடுகுச் சாஸைத் தேடினார்.

கடைசியாக உள்ளே வந்த உருவமும் முகமூடியைக் கழற்றியது. ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண். நரைத்த குட்டை முடி. யோருனைப் பார்த்துப் புன்னகை செய்தாள்.

யோருன் அந்த முகத்தை வாழ்க்கையில் பார்த்ததே இல்லை.

(இந்த இடத்தில் நான் பேனாவை வைத்துவிட்டு எழுந்து நடந்தேன். உலர்த்தும் அறையில் இதைக் கேட்டபோது மாட்ட எடுத்த உடுப்பைக் கீழே வைத்துவிட்டேன்.)

"நீ... நீ யாரு?" என்றாள் யோருன்.

"மக்தா" என்றாள் அந்தப் பெண். போலந்துக்காரி. தெரிந்த சில ஆங்கில வார்த்தைகளைப் பொறுக்கிப் பொறுக்கி வைத்தாள். "குளிரு. வெள்ளை வண்டி. ஏறினேன், தூங்கிட்டேன். எட்வின் எங்க?"

யோருன் அவள் காலரைத் திருப்பிப் பார்த்தாள். மஞ்சள் நூல்.

"அப்போ அந்தக் கடைசி சீட்டுல இருந்தவரு?" என்றாள் கிர்ஸ்டன் மெதுவாக. சாஸேஜ் அவள் கையிலேயே இருந்தது. "ஒருத்தர் இருந்தாரே. எனக்குக் கதவு தொறந்துவிட்டாரே."

வெளியே வெப்பமானியில் மைனஸ் இருபத்துநாலு.

5

யோருன் அழைப்பதற்கு முன்பே அவள் கைபேசி அடித்தது. எட்வின். ஏரிக்கரையில் சிக்னல் கிடையாது, மேட்டுச் சாலைக்கு ஏறி வந்து பேசினான். மூச்சு வாங்கியது.

"யோருன், என் ஆள் ஒருத்தியக் காணோம். மீட்புப் படைக்குச் சொல்லிட்டேன், வர நேரமாகுமாம்."

"மக்தாவா? அவ என்கிட்ட இருக்கா. பத்திரமா இருக்கா."



"அடிப்பாவி. நாங்க இங்க தொண்டை கிழிய அவ பேரைக் கத்திக்கிட்டுக் கெடக்கோம்."

"எட்வின், என் ஆள் ஒருத்தர் அங்க நிக்கிறாரா?"

"இருக்காரே. நீதான் ஒத்தாசைக்கு விட்டுட்டுப் போயிருக்கேன்னு நெனச்சேன். நல்ல மனுஷன். ஒரு பொம்பளையக் காணோம்னு சொன்னதும் எங்களுக்கு முன்னாடி அவருதான் கெளம்பினாரு."

"எங்க கெளம்பினாரு?"





"ஏரிக்கு. ஐஸ் மேல. அக்கரைவரைக்கும் போய்ப் பாத்துட்டு வர்றேன்னாரு."

(கவனியுங்கள். அவருக்குத் தான் தொலைந்துபோனது தெரியாது. கரையில் நின்ற எட்வினின் வெள்ளை வேனைத் தன் வேன் என்று நினைத்ததால், வேன் போய்விட்டதும் தெரியாது. வேனில் சூடாகத் தூங்கிக்கொண்டிருந்த ஒருத்தியை அவர் பனியில் தேடிக்கொண்டிருந்தார். இதை நான் கற்பனை செய்திருந்தால் ரொம்ப மிகையாக இருக்கிறதே என்று வெட்டியிருப்பேன்.)

6

வேனைத் திருப்பி மறுபடி பள்ளத்தாக்கு ஏறினார்கள். வழியில் பெந்த் ஒரு தடவை, "நான் அவர்கிட்ட ஒரு வார்த்த பேசலியே" என்றார். கிர்ஸ்டன் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். சாக்ஸ் சண்டை அங்கே முடிந்தது.

ஏரிக்கரையில் எட்வின் ஓடிவந்தான். யோருன் எந்த வழிகாட்டியும் செய்யாத காரியத்தைச் செய்தாள். வேனை ஏரியைப் பார்த்து நிறுத்தி, எல்லா வெள்ளை விளக்கையும் போட்டாள். எட்வினும் போட்டான். ஏரி பளீரென்று விரிந்தது. அந்த நேரத்தில்தான் வானம் அந்தக் குளிர்காலத்திலேயே யாரும் பார்த்திராத அளவுக்கு ஒளியைக் கொட்டியதாம், பச்சையும் சிவப்புமாக. ஹேவோன்கூட நிமிர்ந்து பார்க்கவில்லை.

விளக்கு எட்டாத தூரத்தில், ஐஸின்மேல், ஒரு சிவப்புப் புள்ளி.

"அவருதான்" என்றாள் இனெஸ். அழுதேவிட்டாள்.

அங்கிருந்து காற்றோடு ஒரு குரல் வந்தது. "மக்தா..."

பிறகு அந்தச் சிவப்புப் புள்ளி திரும்பியது. வெளிச்சத்தைப் பார்த்து நேராக நடக்க ஆரம்பித்தது.

"ஐயோ" என்றான் எட்வின். "ஓடைவாய்."

கரைக்கும் அவருக்கும் நடுவே, கொஞ்சம் இடப்பக்கமாக, ஓடை வந்து ஏரியில் கலக்கும் இடம். எவ்வளவு குளிரிலும் அங்கே ஐஸ் மெலிசாகத்தான் இருக்கும். உள்ளூர்ப் பிள்ளைகள்கூட அங்கே கால் வைக்காது. மேலே பனி மூடியிருப்பதால் வெளியூர்க்காரருக்கு அது ஏரி மாதிரியேதான் தெரியும். போகும்போது அதைச் சுற்றிப் போயிருக்கிறார். இப்போது வெளிச்சம் அவரை நேர்வழியில் இழுத்தது.

"நில்லுங்க!" என்று எட்வின் கத்தினான்.

புள்ளி நிற்கவில்லை.

"மக்தாவத்தான் சொல்றோம்னு நெனக்கிறாரு" என்றாள் யோருன். அவளுக்கு அது பள்ளிப் பேருந்து நாளிலிருந்தே தெரியும். சும்மா நில்லு என்றால் ஒரு பிள்ளையும் நிற்காது, வேறு யாரையோ சொல்வதாக நினைக்கும். பெயர் சொல்லி நில்லு என்றால் காலைத் தூக்கியபடியே நிற்கும். "விளக்க அணைச்சாலும் இதே நேர்கோட்டுலதான் வருவாரு. பேரச் சொல்லிக் கூப்பிடணும்."

அவள் வாயைத் திறந்தாள்.

பெயர் வரவில்லை.

துறைமுகத்தில் கேட்டிருக்கிறாள். கை குலுக்கியிருக்கிறாள். கை சூடாக இருந்தது ஞாபகம் வந்தது. பெயர் வரவில்லை. பெயர்ப் பட்டியலைப் பார்க்கக் கைபேசியை எடுத்தாள், அது குளிரில் அணைந்துபோயிருந்தது.* பெந்த்தைப் பார்த்தாள், கிர்ஸ்டனைப் பார்த்தாள், அக்காவை, தங்கையை, ஹேவோனை. ஐந்து பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். எட்வினும் கேட்டுவைக்கவில்லை.

மக்தா யோருனின் கையைப் பிடித்து உலுக்கினாள்.

"அவரு என் பேரச் சொல்லிக் கூப்பிடுறாரு" என்றாள். "நான் அவர என்னன்னு கூப்பிட?"

(* வசதியாக அணைந்துவிட்டது என்று நினைப்பீர்கள். மைனஸ் இருபத்துநாலில் வெளிப்பையில் வைத்த கைபேசி அணையத்தான் செய்யும். நம்பாதவர்கள் ஜனவரியில் வந்து பார்க்கலாம்.)

7

யோருன் என்னிடம் இதற்குமேல் சொல்லவில்லை. "இதுக்கு மேல கேக்காத" என்று எழுந்து போய்விட்டாள்.

முடிவுகள் எழுதிப் பார்த்தேன்.

ஒன்று: கிர்ஸ்டனுக்குச் சட்டென்று ஞாபகம் வருகிறது, அவள் கத்துகிறாள், புள்ளி நிற்கிறது. எல்லோரும் அவரைக் கட்டிப்பிடித்து

(நம்ப முடியவில்லை. அவள் அவரிடம் கேட்கவே இல்லையே.)

இரண்டு: யோருனே ஐஸில் இறங்கி ஓடுகிறாள், ஓடைவாயில்

(இதை என்னால் எழுத முடியவில்லை. முயன்றேன்.)

மூன்று: சிவப்புப் புள்ளி

உடுப்பு எத்தனை திரும்பி வந்தது என்று என்னைக் கேட்பீர்கள். மாட்டியவன் நான்தானே. ஆறாவது நீல நூலை அன்றைக்குப் பார்த்தேனா என்று சொல்லமாட்டேன். சொன்னால் உங்களுக்கு நிம்மதியாகிவிடும், அல்லது வருத்தமாகிவிடும். இரண்டில் ஒன்று ஆனதும் புத்தகத்தை மூடிவிடுவீர்கள்.

அதற்கு முன்னால் ஒன்று கேட்கிறேன். இரண்டாம் பகுதிக்குப் போய்ப் பாருங்கள். ஆறு பேர் என்று எழுதினேன். பெந்த், கிர்ஸ்டன், இனெஸ், க்ளாரா, ஹேவோன். ஐந்து பேரை ஏற்றிவிட்டுக் கதவைச் சாத்தினேன். ஆறாவது ஆளுக்கு ஒரு வரிகூடக் கொடுக்கவில்லை. கோப்பையைப் பனியில் தேய்த்துக் கழுவித் தந்த "யாரோ ஒருவர்" அவர்தான். நீங்கள் கவனித்தீர்களா? முதல் பிரதியில் நானே கவனிக்கவில்லை. யோருன் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டு போனேன், எழுதி முடித்து எண்ணியபோதுதான் தெரிந்தது. அவளைக் குற்றம் சொல்ல எனக்கு வாயில்லை.

அவர் இன்னும் நடந்துகொண்டிருக்கிறார். விளக்குகள் எரிகின்றன. ஓடைவாய்க்கு இன்னும் சில அடி இருக்கிறது. இந்த அடைப்புக்குறியை உங்களுக்காகக் காலியாக விட்டிருக்கிறேன். ஒரு மனிதருக்கு இருக்கக்கூடிய பெயராகப் பார்த்து வையுங்கள். மனசுக்குள் சொன்னால் அவருக்குக் கேட்காது.

"(            ), நில்லுங்க."