டட்டிலின் காலடித் தண்ணீர்

நெவாடாவில் எங்கள் சோரல் பிளாட் ஊருக்குக் குடிதண்ணீர் ஆம்புரோஸ் டட்டிலின் காலடியிலிருந்து வருகிறது. அவர் பிலடெல்பியாவிலிருந்து குடை விற்க வந்தவர். நான்கு வருடமாக ஒரு தூறல்கூட விழாத ஊரில் குடைப் பெட்டியோடு வந்து இறங்கிய மனுஷனை என்னவென்று சொல்வது! கிணறு வற்றி, நாங்கள் வண்டிகளில் சாமான் ஏற்றிக்கொண்டிருந்த நேரம். விடிந்தால் ஊரே காலி. போவதற்கு முன் கொஞ்சம் சிரித்துவிட்டுப் போகலாமென்று, மாடு மேய்க்கும் ஹார்லன் பிரைஸ் புது ஆளுக்குச் செய்கிற வழக்கமான மரியாதையைச் செய்தான். துப்பாக்கியை எடுத்து டட்டிலின் காலருகே மண்ணில் சுட்டான்.

“ஆடுடா பட்டணத்து மாப்ளே! நிறுத்தின, கட்டைவிரல் காலி!”

வேறு எவனாயிருந்தாலும் அலறியிருப்பான். டட்டில் தொப்பியைக் கழற்றி வணங்கினார்.

“எங்க ஊர்ல புதுசா வந்தவன ஏன்டா வந்தேன்னுகூடக் கேக்கமாட்டாங்க. நீங்க வெடி போட்டு வரவேற்கறீங்களே, ரொம்ப சந்தோஷம்ண்ணே!”

சொல்லிவிட்டு ஆடினார். அடேயப்பா, என்ன ஆட்டம்! ஹார்லன் சுடச் சுட, குண்டு பட்ட இடமெல்லாம் தண்ணீர் பீறிட்டது. ஆட்டம் நின்றதும் தண்ணீரும் நின்றது. விடுதி நடத்தும் லூமிஸ் அம்மாள்தான் முதலில் சுதாரித்து வாளியோடு ஓடிவந்தாள்.

“வாயப் பொளந்துக்கிட்டு நிக்காத ஹார்லன், சுடு!”

அன்று ஊரிலிருந்த பீப்பாய்கள் அத்தனையும் நிறையும்வரை ஆடினார். பூட்ஸ் கிழிந்து, பாதம் கொப்பளித்து, அப்போதும் சிரித்தபடி. ஏற்றிய சாமான்களை இறக்கினோம். பிறகு மற்றவர்களும் சுட்டுப் பார்த்தார்கள், தூசிதான் கிளம்பியது. ஹார்லன் சுட வேண்டும், டட்டில் ஆட வேண்டும், அவ்வளவுதான். திங்களும் வியாழனும் தண்ணீர் என்று வழக்கமானது. பிள்ளைகள் பிறந்தார்கள், ஆப்பிள் தோப்பு காய்த்தது, தெறிக்கிற தண்ணீருக்குப் பயந்த பெண்கள் குடை வாங்கினார்கள்.

இந்த வருடம் ஹார்லனுக்குக் கண்ணில் புரை விழுந்தது. ஒரு குண்டு டட்டிலின் கால் சுண்டுவிரலைக் கொண்டுபோனது. ஹார்லன் துப்பாக்கியை வீசிவிட்டு நடுத்தெருவில் உட்கார்ந்து தேம்பித் தேம்பி அழுதான். இனி தொடவே மாட்டேன் என்றான். பீப்பாய்கள் ஒவ்வொன்றாகக் காலியாயின. டட்டிலிடம் போய் மறுபடி ஆடச் சொல்லிக் கேட்க எங்களில் யாருக்கும் வாய் வரவில்லை, எந்த முகத்தோடு கேட்பது? பழைய வண்டிகளுக்கு அச்சாணி தேட ஆரம்பித்தோம்.

வியாழக்கிழமை காலை டட்டில் கட்டுப்போட்ட காலோடு நொண்டிக்கொண்டு வந்து, துப்பாக்கியை ஹார்லன் கையில் வைத்தார்.

“உன் காலு எனக்குத் தெரியலடா ஆம்புரோஸ்.”

“தெரிய வேணாம்ண்ணே. நீங்க சுடுங்க. கால நான் பாத்துக்கறேன்.”

ஹார்லன் கண்ணை மூடிக்கொண்டு சுட்டான். நாங்கள் வாளிகளை வரிசையாக வைத்தோம்.