மாதாவின் கன்னத்துப் பூச்சு

ரங்கூனில் ஃப்ளோரன்ஸை இந்தியாக்காரி என்றார்கள். ராயபுரத்தில் பர்மாக்காரி என்கிறார்கள். கப்பலேறி வந்து ஐந்து வருடமாகியும் அந்தப் பெயர் போகவில்லை. ஊருக்கெல்லாம் பதில் சொல்லி மாளாது என்றுதான் அவள் எழும்பூருக்குப் போய் ஓவியம் படித்தாள். அவள் வரைகிற முகங்களைப் பார்த்து, இது எந்த ஊர் முகம் என்று யாராவது கேட்டால், "என் ஊர்" என்பாள்.

இந்த வருடத் திருவிழாவில் தேருக்கு முன்னால் போகிற மாதா படத்தை அவளையே வரையச் சொன்னது கோயில் கமிட்டி. அவளுக்குத் தலைகால் புரியவில்லை. மாதாவுக்குத் தன் அம்மாவின் முகத்தையே வைத்தாள். அம்மா பர்மியப் பெண். புருஷன் செத்தபின் பிள்ளைகளைக் கப்பலேற்றிவிட்டு ரங்கூனிலேயே நின்றுவிட்டவள். மாதம் தவறாமல் கடிதம் போடுகிறவள். அந்த ஊர் வழக்கப்படி, தனக்கா மரப்பட்டையைக் கல்லில் இழைத்துக் கன்னத்தில் பூசாமல் அவள் வாசல் தாண்டியதில்லை. அந்த மஞ்சள் பூச்சைக் கடைசியாகத் தீட்டி முடித்தாள் ஃப்ளோரன்ஸ்.

படத்தைப் பார்க்கக் கமிட்டித் தலைவர் அருள்பிரகாசம் வந்தார். கூடவே ஃப்ளோரன்ஸின் தம்பி கஸ்பார். துறைமுகத்தில் வேலை பார்க்கிறான். ராயபுரத்துப் பேச்சைக் கரைத்துக் குடித்தவன். தலைவரின் மகளைத்தான் அவனுக்குப் பேசி முடித்திருந்தது.

"இன்னாம்மா இது? மாதா கன்னத்துல சந்தனத்த பூசி வெச்சிகீறே? இத்த இன்னா கோயில்னு நென்ச்சே?" என்றார் அருள்பிரகாசம்.

"சந்தனமில்லீங்க, தனக்கா. எங்கம்மா பூசுறது. இது எங்கம்மா முகம்."

அவர் கஸ்பார் பக்கம் திரும்பினார். "உங்கம்மாவுக்கு நாகப்பட்டினம்னு சொன்னியே மாப்ளே?"

தம்பி உண்மையைச் சொல்லிவிடுவான் என்று ஃப்ளோரன்ஸ் நம்பினாள். பாவி, அவன் கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை.

"நாகப்பட்டினம்தான் மாமா. அக்காவுக்குக் கப்பல்ல விஷக்காய்ச்சல் வந்துச்சு. அப்போலேர்ந்து எதுனா இப்டி பேசிகினு கீது. நீங்க பேஜார் ஆவாதீங்க."

சொன்னதோடு விட்டானா? டர்பன்டைனில் துணியை நனைத்து, இன்னும் காயாத பூச்சைத் தானே துடைத்தான். ஒரு கன்னம், பிறகு மறு கன்னம். பைத்தியம் என்று சொல்லிவிட்ட பிறகு, ஃப்ளோரன்ஸ் கத்தினால் அதுவும் பைத்தியத்தில்தான் சேரும்.

"இப்பதான் மாதா மாரி கீது," என்று சிலுவை போட்டுக்கொண்டு கிளம்பினார் அருள்பிரகாசம்.

அவர் படியிறங்கியதும் கேட்டாள். "கல்யாணத்துக்கு அம்மா எங்கேன்னு கேட்டா என்னடா சொல்வே?"

"கேக்க மாட்டாங்கோ. செத்துட்டாங்கன்னு சொல்லிக்கீறேன். போன மாசம் நம்ம அம்மா ஆத்துமத்துக்கு மாமா பூசைகூட வெச்சாரு. நானும் போய் முட்டி போட்டேன்." குரலைத் தாழ்த்தினான். "உனக்கும் சேத்துதான்க்கா பண்றேன். நாம இங்கதானே பொழைக்கணும்."

தம்பிக்குப் பார்த்திருக்கிற பெண் சிரித்த முகமா என்று கேட்டுப் போன வாரம்தான் அம்மா எழுதியிருந்தாள்.

"உயிரோட இருக்கிறவளுக்குப் பூசை வைக்கத் துணிஞ்சுட்டே. அதே பூசையில என் பேரையும் சேத்துச் சொல்லிட்டு வந்திருக்கலாமேடா."