வாரத்துக்கு ஒரு பொருள்

பத்தொன்பது வருடமாக டிவி சீரியல்களுக்கு வீடு கட்டிக் கொடுக்கிறேன். கலை இயக்குநர் என்று என் பெயரைப் போடும்போதுதான் எல்லோருக்கும் தாகம் எடுக்கும், எழுந்து போய்விடுவார்கள். போகட்டும். செட்டில் டீ கப்பின் காது நேற்று வலப்பக்கம் இருந்து இன்று இடப்பக்கம் திரும்பியிருந்தால் நான் போடும் சத்தத்தில் நடிகைகளுக்கு வசனம் மறந்துவிடும். முதுகுக்குப் பின்னால் எனக்குப் பூதக்கண்ணாடி என்று பெயர். எனக்கும் தெரியும்.

அந்தக் கண்ணுக்கு ஒரு செவ்வாய்க்கிழமை காலையில், சொந்த வீட்டு ஹாலில் ஒரு குறை தட்டுப்பட்டது.

"இங்க இருந்த மேஜை விளக்கு எங்கங்க?"

"ரிப்பேருக்குக் குடுத்திருக்கேன்," என்றார் என் வீட்டுக்காரர், பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல்.

முந்தின வாரம்கூட நன்றாக எரிந்த விளக்கு அது. எனக்குச் சுருக்கென்றது.

அவர் குளிக்கப் போனதும் ஹாலை நாலு மூலையிலிருந்தும் போனில் படம் எடுத்தேன். செட்டில் பொருள் இடம் மாறாமலிருக்கத் தினமும் செய்கிற வேலைதான். அடுத்த வாரம் ஒப்பிட்டேன். பச்சைக் குஷனைக் காணோம். அதற்கடுத்த வாரம் கண்ணாடி ஜாடி. நான் வாயே திறக்கவில்லை. கையும் களவுமாகப் பிடிக்க வேண்டாமா?

வித்தை என்னுடையது என்பதுதான் வயிற்றெரிச்சல். கதையில் ஒரு குடும்பம் நொடித்துப்போனால் செட்டிலிருந்து வாரத்துக்கு ஒரு பொருளாக எடுப்பேன். மொத்தமாக எடுத்தால் ஊரே கேள்வி கேட்கும். ஒவ்வொன்றாக எடுத்தால் ஒரு ஈ காக்காவுக்குக்கூடத் தெரியாது. சாப்பிடும்போது அவரிடம் நானே பெருமையடித்திருக்கிறேன். இப்போது என் வித்தையை வைத்து, என் பொருளை வைத்து, எவளுக்கோ குடித்தனம் வைத்துக் கொடுக்கிறார்!

சனிக்கிழமை ஷூட்டிங் என்று புளுகிவிட்டுத் தெருமுனை மருந்துக்கடையில் நின்றேன். பதினோரு மணிக்கு அவர் வெளியே வந்தார். கக்கத்தில் துணி சுற்றிய எங்கள் சுவர்க் கடிகாரம். இரண்டு தெரு தள்ளி ஒரு மாடிப்படி ஏறினார். பின்னாலேயே ஏறிப்போய்க் கதவைத் தள்ளினேன்.

ஓர் அறையைப் பார்த்தாலே அங்கே எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று சொல்லிவிடுவேன். ஒரு நாற்காலி. ஒரு தலையணை. கவிழ்த்து வைத்த ஒரே ஒரு கப். என் விளக்கு, என் குஷன், என் ஜாடி. பெண் ஒருத்தி வந்துபோனதற்கு ஒரு ஹேர்பின்கூட இல்லை. படியேறும்போது சேர்த்து வைத்திருந்த வசவெல்லாம் வீணாய்ப் போனது.

"யாரும் இல்லையா?" என்றேன்.

"யாரு இருக்கணும்?" கடிகாரத்தை ஆணியில் மாட்டிச் சரிசெய்தார். "நான் தனியா இருக்கத்தான் இந்த ரூமை வாடகைக்கு எடுத்தேன். நீ கண்டுபிடிச்சுக் கேட்டா எல்லாத்தையும் திரும்பக் கொண்டுவந்துடலாம்னு நெனச்சிருந்தேன்."

"கேட்டேனே! மொதப் பொருள் போன அன்னிக்கே கேட்டேனே, விளக்கு எங்கன்னு!"

"விளக்கா மொதல்ல?" சிரித்தார். அதில் கோபமே இல்லை, எனக்கு அதுதான் பயமாக இருந்தது. "அது பதினொண்ணாவது. அதுக்குள்ள எனக்கு இங்க பழகிப்போச்சு."

"அப்ப மொதல்ல எது?"

எனக்குப் பின்னால் கையைக் காட்டினார். கதவையொட்டிய சுவரில் எங்கள் கல்யாண போட்டோ தொங்கியது.

"சும்மா சொல்லாதீங்க. இத போன வாரம்தான் எடுத்திருப்பீங்க," என்று கத்திக்கொண்டே போனைத் திறந்தேன். அந்தச் செவ்வாய்க்கிழமை எடுத்த முதல் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். ஹால் சுவரில் ஆணி மட்டும் இருந்தது.